கடனும் காவலும்

தமிழில் ‘கடன்’ என்னும் சொல்லுக்கு இரு பொருள் உண்டு. பிறரிடம் பெற்றுத் திருப்பித் தரவேண்டிய பொருளும் கடன். செய்தே தீரவேண்டிய கடமையும் கடன். காலையில் எழுந்து செய்வது காலைக்கடன். முன்னோர்க்கு ஆற்றுவது நீத்தார் கடன். உதவியவர்க்குச் செலுத்துவது நன்றிக்கடன். வாங்கிய பணத்தையும் ஆற்றவேண்டிய அறத்தையும் ஒரே சொல்லால் குறிக்கும் மொழி நம்முடையது. பெற்றதைத் திருப்பித் தருவது வெறும் வணிகச் செயல் அன்று, வாக்கைக் காக்கும் செயல் என்னும் உணர்வு அச்சொல்லிலேயே பொதிந்து கிடக்கிறது.

அங்ஙனமாயின், அக்கடனைத் தீர்க்க இயலாதவனை என்ன செய்வது? அவன் உடலைப் பிடித்துச் சிறையில் வைக்கலாமா? வைப்பது அறமாகுமா? மும்பை மாநகரில் வாழும் நம்மவர்க்கு இவ்வினா ஏட்டோடு நிற்பதன்று. செம்பூரில் வீட்டுக்கடன், மாட்டுங்காவில் கடைக்கடன், தாராவியில் பட்டறைக்கடன், பிள்ளைகளின் பொறியியல் படிப்புக்குக் கல்விக்கடன். கடன் இல்லாத குடும்பம் நம்மிடையே அரிது. பிறருக்காக ஜாமீன் கையெழுத்திடாத கை அதனினும் அரிது. ஆகவே இதனைச் சற்று ஆழ்ந்து எண்ணிப் பார்ப்பது நம் அனைவர்க்கும் பயன் தரும்.

வட்டத்துள் நின்ற மன்னன்

13ஆம் நூற்றாண்டின் இறுதியில் சோழமண்டலக் கரையைக் கண்டு சென்ற வெனிஸ் நகரப் பயணி மார்க்கோ போலோ, பாண்டியர் ஆண்ட அப்பகுதியை ‘மாபார்’ எனக் குறித்து, அங்கு நிலவிய ஒரு வழக்கத்தை எழுதி வைத்துள்ளார். கடன்பட்டவன் பலமுறை கேட்டும் இன்று நாளை என்று தவணை சொல்லிக் கடத்தினால், கடன் கொடுத்தவன் அவனை எதிர்ப்பட்ட இடத்தில் அவனைச் சுற்றித் தரையில் ஒரு வட்டம் கீறிவிடுவானாம். கொடுத்தவனை நிறைவு செய்யும்வரை வாங்கியவன் வட்டத்தை விட்டு வெளியேறக் கூடாது. மீறினால் மரண தண்டனை. அந்நாட்டு மன்னனே அயல்நாட்டு வணிகன் ஒருவனுக்குத் தரவேண்டியதைத் தராமல் நாள் கடத்தி வந்தான். ஒருநாள் மன்னன் குதிரைமேல் வருகையில், வணிகன் குதிரையையும் மன்னனையும் சேர்த்து வட்டம் கீறிவிட்டான். மன்னன் குதிரையை நிறுத்தினான். வணிகனுக்குச் சேரவேண்டியது சேரும்வரை அவ்விடத்தை விட்டு அசையவில்லை. இதைத் தாமே கண்டதாகப் போலோ கூறுகிறார்.

படிக்கும்போதே பெருமிதம் தோன்றும் செய்தி இது. சட்டம் அரசனையும் கட்டும் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ? ஆயினும் பெருமிதத்தோடு நின்றுவிடாமல் ஒன்றை நோக்குதல் வேண்டும். மன்னனிடம் கருவூலம் இருந்தது. அவனுக்கு இல்லாதது பணம் அன்று, கொடுக்கும் மனம். அம்மனத்தை அந்த வட்டம் ஒரு நொடியில் வரவழைத்துவிட்டது. அதே வட்டத்தை நெசவு படுத்துப்போன ஒரு நெசவாளியைச் சுற்றிக் கீறியிருந்தால் என்ன வந்திருக்கும்? வெயிலில் அவன் தலைதான் காய்ந்திருக்கும். ஒரே வட்டம், ஒருவனிடம் நீதியாகிறது, மற்றவனிடம் கொடுமையாகிறது. இவ்வேறுபாடே இக்கட்டுரையின் உயிர்நாடி.

ரொட்டிக் கடைக்காரரின் பாக்கி

இன்று நம் நாட்டில் வழங்கும் சட்டம் மாபார் நாட்டிலிருந்து வந்ததன்று; இங்கிலாந்தின் வழி வந்தது. அந்நாட்டிலோ கடன்பட்டோர்க்கெனத் தனிச்சிறைகளே இருந்தன. 1824ஆம் ஆண்டு, ஒரு ரொட்டிக் கடைக்காரருக்குத் தரவேண்டிய 40 பவுன் சொச்சத்தைத் தர இயலாமையால், கடற்படைச் சம்பள அலுவலக எழுத்தர் ஒருவர் லண்டனில் மார்ஷல்ஸி சிறையில் அடைக்கப்பட்டார். அவருடைய பன்னிரண்டு வயது மகன் பள்ளியை விட்டு, காலணி மை செய்யும் தொழிலகத்தில் புட்டிகளுக்குச் சீட்டு ஒட்டும் வேலைக்குப் போனான். அச்சிறுவனே பிற்காலத்தில் உலகம் போற்றிய சார்லஸ் டிக்கன்ஸ். ‘லிட்டில் டாரிட்’ என்னும் புதினத்தில் அச்சிறையை அவர் நிலைநிறுத்திவிட்டார்.

தந்தை சிறையில் இருந்ததால் ரொட்டிக் கடைக்காரருக்கு ஒரு காசும் கூடுதலாகக் கிடைத்துவிடவில்லை. மகன் படிப்புத்தான் நின்றது. எழுத்தர் வேலை பார்த்துப் பிழைக்கும் நம் போன்றோர்க்கு இச்செய்தி இன்னும் சற்று நெருக்கமாகவே படும். மார்ஷல்ஸி 1842இல் மூடப்பட்டது. 1869ஆம் ஆண்டுக் கடனாளிகள் சட்டத்தால், சில விதிவிலக்குகள் நீங்கலாக, கடனுக்காகச் சிறையிடும் வழக்கத்தையே இங்கிலாந்து கைவிட்டது.

ஆலைத் தொழிலாளியும் 1936ஆம் ஆண்டுத் திருத்தமும்

இந்தியாவில் அவ்வழக்கம் அவ்வளவு விரைவில் மறையவில்லை. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம், தீர்ப்பான தொகையைக் கட்டாதவனைக் கைது செய்து சிவில் சிறையில் வைக்க இடமளித்தது. பம்பாயின் ஆலைத் தொழிலாளர் அந்நாளில் கடனில் மூழ்கியிருந்தனர். சம்பள நாளன்று ஆலை வாயிலில் கையில் தடியோடு நின்ற ஈட்டிக்காரனைப் பற்றி நம் மூத்தோர் சொல்லக் கேட்டவர் இன்னும் உளர். தொழிலாளர் நிலையை ஆராய்ந்த அரச ஆணையம் 1931இல் அளித்த அறிக்கையில், மாதம் 100 ரூபாய்க்கும் குறைவாகச் சம்பளம் பெறும் தொழிலாளியைக் கடனுக்காகச் சிறையிடுதல் கூடாது என்றும், கொடுக்க வசதியிருந்தும் மனமில்லாதவன் என மெய்ப்பிக்கப்பட்டால் மட்டுமே அது தகும் என்றும் பரிந்துரைத்தது.

1936ஆம் ஆண்டுத் திருத்தம் இதே நெறியை எல்லாக் கடனாளிகளுக்கும் உரியதாக்கியது. அத்திருத்தத்தின்படி, பணத்துக்கான தீர்ப்பாணையை நிறைவேற்றுவதற்காக ஒருவனைச் சிறையிடுமுன், ஏன் சிறையிடக் கூடாது எனக் காரணம் காட்ட அவனுக்கு வாய்ப்பளித்தல் வேண்டும். அவன் தப்பியோடக் கூடியவன், அல்லது வழக்கு எழுந்தபின் வஞ்சகமாகச் சொத்தை மறைத்தவன், அல்லது கொடுக்கும் வசதியிருந்தும் மறுப்பவன், அல்லது பிறர் நம்பி ஒப்படைத்த பணத்துக்குக் கணக்குக் காட்ட வேண்டியவன் என்று நீதிமன்றம் காரணங்களை எழுதிவைத்து முடிவு செய்தல் வேண்டும். வசதியைக் கணக்கிடுங்கால் ஜப்தி செய்யக் கூடாத பொருள்களைச் சேர்த்தல் ஆகாது. உடுத்தும் உடை, சமைக்கும் பாத்திரம், படுக்கை, கைவினைஞனின் கருவி, சமய வழக்கப்படி பெண் கழற்றக் கூடாத அணி ஆகியவை அத்தகையன. தாலியும் தையல் இயந்திரமும் இருப்பதைக் காட்டி ஒருவனை வசதியுள்ளவன் என்று சொல்லச் சட்டம் இடம் தரவில்லை.

இச்சட்டத்தில் பிற வரம்புகளும் உண்டு. பணத் தீர்ப்பாணைக்காகப் பெண்ணைக் கைது செய்தல் ஆகாது. சூரியன் மறைந்தபின்னும் உதிக்குமுன்னும் கைதுக்காக வீட்டினுள் நுழைதல் ஆகாது. 1999ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, 2000 ரூபாய்க்கு மேற்படாத தொகைக்குச் சிறை இல்லை. 5000 ரூபாய்க்கு மேற்பட்டால் மூன்று மாதம் வரை வைக்கலாம். சிறையில் இருப்பவனின் உணவுச் செலவைக் கடன் கொடுத்தவனே முன்னதாகக் கட்டவேண்டும். கட்டத் தவறினால் கைதி வெளியே வந்துவிடுவான். அவ்வாறு கட்டிய தொகை வழக்குச் செலவோடு சேர்ந்து கடனாளியின் தலையிலேயே ஏறும். கடன் கட்ட முடியாததற்காகச் சிறை சென்று, அங்கு உண்ட சோற்றுக்கும் கடன்பட்டு வெளிவரும் மனிதனை எண்ணிப் பாருங்கள்! சிறை கடனைக் குறைக்கவில்லை, வளர்த்தது.

1980ஆம் ஆண்டுத் தீர்ப்பு

சட்டத்தில் நல்ல சொற்கள் இருத்தல் வேறு. அவை நடைமுறையில் உயிர்பெறுதல் வேறு. கேரளத்தில் இருவர்மேல் கொச்சி வங்கி சுமார் இரண்டரை லட்சம் ரூபாய்க்குத் தீர்ப்பாணை பெற்றிருந்தது. அவர்களுடைய சொத்துகள் ஏற்கெனவே ஜப்தி செய்யப்பட்டு, அவற்றிலிருந்து பணம் தேறும் வகையில் பொறுப்பாளரும் அமர்த்தப்பட்டிருந்தார். அதற்கு மேலும் அவர்களைப் பிடித்துச் சிறையிட ஆணை பிறந்தது. இன்று அவர்களிடம் கொடுக்க வசதி உண்டா, வசதியிருந்தும் மறுக்கிறார்களா என்பதை ஒருவரும் ஆராயவில்லை. உயர் நீதிமன்றமும் கைவிட்டபின் அவர்கள் உச்ச நீதிமன்றம் சென்றனர். ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் கொச்சி வங்கி என்னும் அவ்வழக்கில் 1980 பிப்ரவரி 4ஆம் நாள் நீதியரசர் வி. ஆர். கிருஷ்ணய்யர், நீதியரசர் ஆர். எஸ். பதக் ஆகியோர் அமர்ந்த ஆயம் தீர்ப்பளித்தது.

தீர்ப்பை எழுதியவர் கிருஷ்ணய்யர். பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பத்தில் 1915இல் பிறந்து, தலச்சேரியில் வழக்கறிஞராக விளங்கி, 1957இல் கேரளத்தின் முதல் அமைச்சரவையில் இடம்பெற்றவர். 1948இல் கம்யூனிஸ்டுகளுக்குச் சட்ட உதவி செய்தார் என்று குற்றஞ்சாட்டப்பட்டு ஒரு மாதம் சிறையில் இருந்தவர். சிறைக் கதவின் இருபுறமும் அறிந்த நீதிபதிகள் மிகச் சிலரே.

1966இல் ஐக்கிய நாடுகள் அவை ஏற்ற குடிமை, அரசியல் உரிமைகளுக்கான உடன்படிக்கையின் 11ஆம் விதி, ஒப்பந்தக் கடப்பாட்டை நிறைவேற்ற இயலாமை என்னும் ஒரே காரணத்துக்காக எவரையும் சிறையிடலாகாது என்கிறது. இந்தியா அதில் 1979 ஏப்ரலில் சேர்ந்தது. அவ்விதியையும் அரசியலமைப்பின் 21ஆம் உறுப்பு தரும் உயிர், உடல் உரிமையையும் கைக்கொண்டு நம் பழைய சட்டத்தைக் கிருஷ்ணய்யர் படித்துக் காட்டினார். கட்டவில்லை என்பது மட்டும் போதாது. கட்ட மனமில்லை என்பதற்கு அதற்கு அப்பாலும் ஒரு தீய எண்ணம் தென்பட வேண்டும் என்றார். தீர்ப்புக்குப் பின் ஒருகால் கையில் பணம் வந்திருக்கலாம்; அது நோய்க்கோ வேறு தவிர்க்க முடியாத தேவைக்கோ போயிருக்கலாம்; அத்தகையவனைச் சிறையிடல் தகாது என்றார். ஏழையாய் இருத்தல் இந்நாட்டில் குற்றமாகாது என்பதே அத்தீர்ப்பின் சாரம். கைது ஆணை நீக்கப்பட்டு, அவர்களுடைய வசதியை முறையாக ஆராயும்படி வழக்கு கீழ் நீதிமன்றத்துக்குத் திரும்பியது. கொச்சி வங்கி 1985இல் பாரத ஸ்டேட் வங்கியோடு இணைந்துவிட்டது. அதன் பெயர் இன்று நிலைத்திருப்பது பெரிதும் இத்தீர்ப்பினாலேயே.

மாறியது குணமா, காலமா?

இத்தீர்ப்பின் நியாயத்தை நாம் நம் அறிவாலேயே சோதித்துப் பார்க்கலாம். சிறை எதைச் செய்ய வல்லது? பிடிவாதத்தை உடைக்க வல்லது. ஒளித்து வைத்ததை வெளிக்கொணர வல்லது. இல்லாத பணத்தை உண்டாக்க வல்லதன்று. உழைத்துச் சம்பாதிக்கும் கைகளைக் கட்டிப்போட்டுவிட்டு, அக்கைகள் கொண்டுவரும் காசை எதிர்பார்ப்பது, ஏரைப் பிடுங்கி வைத்துக்கொண்டு விளைச்சலில் பங்கு கேட்பதற்கு ஒப்பாகும்.

அவன் யோக்கியனாயிருந்தால் எப்படியாவது கட்டியிருப்பான் என்று சிலர் கூறுவர். இதற்கு மும்பை கண்ட இரு காலங்களே விடை சொல்லும். 1982 ஜனவரி 18இல் தொடங்கிய ஆலை வேலைநிறுத்தத்தில் ஏறத்தாழ இரண்டரை லட்சம் தொழிலாளர் ஈடுபட்டனர். அவர்களுள் பெருந்தொகையினர் பின்னர் ஆலைக்குத் திரும்பவே இல்லை. 2020 மார்ச்சில் நாடு முழுவதும் ஊரடங்கு அறிவிக்கப்பட்டது. தாராவியில் தோல் பை தைத்தவர், துணி தைத்தவர், இட்லி அவித்துத் தெருத்தெருவாய் விற்றவர் அனைவரும் ஒரே இரவில் வருவாய் இழந்தனர். மார்ச் முற்பகுதி வரை தவணை தவறாத ஒருவர் ஏப்ரலில் தவறினார் எனின், அந்த ஒரு மாதத்தில் மாறியது அவர் குணமா, காலமா? ரிசர்வ் வங்கியே அவ்வுண்மையை ஒப்புக்கொண்டது. மார்ச் முதல் ஆகஸ்டு வரை ஆறு மாதத் தவணைகளைத் தள்ளிவைக்க வங்கிகளுக்கு இசைவளித்தது. நாடு முழுதும் ஒருங்கே அடைந்த இன்னலை நாம் உணர்ந்துகொண்டோம். ஒரே ஒரு வீட்டில் நோயாலோ விபத்தாலோ தொழில் நட்டத்தாலோ அதே இன்னல் நேரும்போதும் அது இன்னலே என்பதை உணரத்தான் தவறிவிடுகிறோம்.

மறுப்பும் விடையும்

இனி எதிர்வாதத்தையும் நேர்மையோடு கேட்போம். வங்கிப் பணம் யாருடையது? மாட்டுங்காவில் ஓய்வூதியத்தைச் சேமித்து வைத்த முதியவருடையது. செம்பூரில் கணவரை இழந்து வட்டியில் காலந்தள்ளும் அம்மையாருடையது. கடனாளிமேல் இரக்கம் காட்டும் நாம் அவர்கள்மேல் இரக்கம் காட்ட வேண்டாவா? கட்டாதவனுக்கு அச்சம் இல்லையெனில் கட்டுபவன் ஏமாளியாகிவிடமாட்டானா? அடுத்த ஏழைக்கு யார் கடன் கொடுப்பர்?

இவை புறந்தள்ளத் தக்க வினாக்கள் அல்ல. ஆயின் கடனாளியின் உடலைச் சிறைக்கு வெளியே வைப்பதால் கடன் மறைந்துவிடுவதில்லை. சொத்தை ஜப்தி செய்யலாம். அடகை விற்கலாம். சம்பளத்தில், முதல் 1000 ரூபாயும் எஞ்சியதில் மூன்றில் இரு பங்கும் நீங்கலாக, மீதியை ஒரு தீர்ப்பாணைக்கு 24 மாதம் வரை பிடிக்கலாம். ஜாமீன் நின்றவரைக் கேட்கலாம். வசதியிருந்தும் ஒளிப்பவனை, சொத்தை மைத்துனன் பெயரில் எழுதி வைத்துவிட்டுக் கைவிரிப்பவனைச் சிறையிடவும் செய்யலாம். கிருஷ்ணய்யர் சிறைக் கதவை இடித்துத் தள்ளவில்லை. யாருக்கு அது திறக்க வேண்டும் என்றே வரையறுத்தார். ஒளித்தான் என்பதைக் காட்டும் சுமையைக் கொடுத்தவன்மேல் ஏற்றினார். வங்கிக்குக் கணக்கர் உண்டு, வழக்கறிஞர் உண்டு; பட்டறைக்காரனுக்கு அவன் நாவன்றி வேறில்லை. வலியவன் சுமப்பதே முறை.

வட்டம் பெரும்பாலும் யாரைச் சுற்றி விழுகிறது என்பதையும் எண்ண வேண்டும். பல்லாயிரம் கோடி ரூபாய் வங்கிக் கடன் பாக்கியிருந்த விஜய் மல்லையா 2016 மார்ச்சில் நாட்டை விட்டுச் சென்றார். மும்பையில் ஒரு வங்கிக் கிளையில் நிகழ்ந்த பெருமோசடியில் குற்றம் சாட்டப்பட்ட நீரவ் மோடி 2018 ஜனவரியில் சென்றார். அவ்வாண்டே தப்பியோடிய பொருளாதாரக் குற்றவாளிகள் சட்டம் இயற்ற வேண்டி வந்தது. மாபார் நாட்டில் வணிகன் மன்னனைச் சுற்றிக் கீறினான். நம் நாளில் பெரியோர் வட்டம் கீறுமுன்னரே விமானம் ஏறிவிடுகின்றனர், சிறியோரே வட்டத்துள் நிற்கின்றனர். எளியவனை இறுக்கிப் பிடிப்பதால் அவ்விழப்பு ஈடாகிவிடாது.

பின்வாசல்கள்

முன்வாசலில் நீதிமன்றம் காவல் நின்றாலும், சிறைக்குப் பின்வாசல்கள் உள. ஒன்று காசோலை. 1988ஆம் ஆண்டுத் திருத்தத்தால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 138ஆம் பிரிவு சேர்ந்து, 1989 ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்தது. பணமின்றித் திரும்பும் காசோலைக்கு ஓராண்டு வரை சிறை என்றது அது. 2002ஆம் ஆண்டுத் திருத்தம் அதை ஈராண்டு ஆக்கியது. வணிகத்தில் காசோலைக்கு மதிப்பு வேண்டும் என்னும் நோக்கம் நல்லதே. ஆயின் கடன் கொடுக்கும்போதே தொகையும் தேதியும் இடாத காசோலைகளில் கையெழுத்து வாங்கி வைத்துக்கொள்ளும் வழக்கம் பரவிவிட்டது. கடனைக் கட்டாமை குற்றமன்று. அதற்கென முன்னரே கொடுத்த காசோலை திரும்பினால் குற்றம்! 2019 முடிவில் நாட்டில் நிலுவையில் இருந்த காசோலை வழக்குகள் மட்டும் ஏறத்தாழ 35 லட்சம். உச்ச நீதிமன்றமே 2021இல், இவ்வழக்கு உள்ளே உரிமையியல் ஆடு, மேலே குற்றவியல் ஓநாயின் தோல் என்னும் பொருள்பட உரைத்தது.

மற்றொன்று, வாசலில் வந்து நிற்கும் அடியாள். கடன் வசூலுக்குத் தடியரை ஏவுவதை உச்ச நீதிமன்றம் 2007 பிப்ரவரியில் கண்டித்தது. வசூல் முகவர் காலை 8 மணிக்கு முன்னும் மாலை 7 மணிக்குப் பின்னும் தொலைபேசியில் அழைத்தல் கூடாது என ரிசர்வ் வங்கி 2022இல் அறிவுறுத்தியது. வங்கிப் படி ஏற முடியாதோர் கந்துவட்டிக்காரரிடம் செல்கின்றனர். அதன் கொடுமைக்கு ஆற்றாது 2017 அக்டோபரில் திருநெல்வேலி மாவட்ட ஆட்சியர் அலுவலக வளாகத்தில் ஒரு குடும்பமே தீக்கிரையானதை நாடு கண்டது. தாராவித் தமிழருள் பலர் வேர்கொண்ட மாவட்டம் அது. கந்துவட்டியைத் தடுக்கும் சட்டம் 2003 முதலே தமிழ்நாட்டில் இருந்தும் அது நேர்ந்தது. வலிந்து வசூலிப்பதைத் தண்டிக்கும் மற்றொரு சட்டத்தையும் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் 2025இல் நிறைவேற்றியது. கொத்தடிமை முறையை 1976ஆம் ஆண்டுச் சட்டம் ஒழித்தபோதே, மனித உடல் கடனுக்கு ஈடாகாது என்பதை நாடு ஏற்றுக்கொண்டுவிட்டது. ஏற்றுக்கொண்ட நெறியைக் காப்பதே எஞ்சியுள்ள பணி.

அரிச்சந்திரன் யார் கையில்?

கடனாளியின் கடமை என்ன? அரிச்சந்திரன் கதையைக் கூத்தாகவும் நாடகமாகவும் கண்டு கண்ணீர் விட்டவர் நாம். வாக்கைக் காக்க மனைவியை விற்றான், மகனை விற்றான், தன்னையும் விற்றுச் சுடலை காத்தான். அவனை வணங்குகிறோம். ஆனால் அவனை அந்நிலைக்குத் துரத்திய முனிவரை முன்மாதிரியாகக் கொள்வார் எவருமில்லை. அரிச்சந்திரனாய் இருத்தல் ஒருவன் தானே ஏற்கும் விரதம். பிறனை அரிச்சந்திரனாக்குதல் எவருக்கும் உரிமையன்று. கொடுத்தவன் கண்டிப்பையே அறமென்று எண்ணிக்கொள்ளும்போதும், வாங்கியவன் இரக்கத்தையே உரிமையென்று எண்ணிக்கொள்ளும்போதும் அறம் இடம் மாறிவிடுகிறது.

சட்டமும் இதை உணர்ந்தே வகுக்கப்பட்டுள்ளது. சிவில் சிறையிலிருந்து வெளிவந்தவனை அதே தீர்ப்பாணைக்காக மீண்டும் பிடித்தல் ஆகாது. ஆயினும் அவன் கடன் தீர்ந்ததாகாது. இயலாமை உடலுக்கு விடுதலை தருகிறது. வாக்குக்கு விடுதலை தருவதில்லை. நொடித்தவன் நீதிமன்றத்தில் மஞ்சள் கடுதாசி கொடுக்க வழியுண்டு. நாணயமாகக் கணக்குக் காட்டி அவ்வழி செல்பவனை இகழ்தல் கூடாது. சொத்தைப் பதுக்கிவிட்டு அதே வழியில் செல்பவனை ஏற்றலும் கூடாது. மைய அரசு ஊழியர்க்கான 1964ஆம் ஆண்டு நடத்தை விதிகளில் 17ஆம் விதி, ஊழியர் தம் சொந்த வாழ்வைப் பழக்கமான கடன்பாட்டுக்கு இடமின்றி நடத்திக்கொள்ள வேண்டும் என்கிறது. அது அரசு ஊழியர்க்கு மட்டும் உரிய அறிவுரை அன்று. திருமணத்துக்கும் சீருக்கும் ஊராரின் கண்ணுக்கும் அஞ்சி, வருவாய்க்கு மீறிக் கையெழுத்திடும் வழக்கத்தை நாம் குறைத்துக்கொள்ள வேண்டியதும் கடனே.

நாம் செய்யத் தக்கவை

நீதிமன்றம் எட்டாத ஒரு சிறையும் உண்டு. அது நம் சாளிலும் குடியிருப்பிலும் நாமே எழுப்புவது. தவணை தவறிய வீட்டாரைக் கண்டால் பேச்சைக் குறைத்துக்கொள்கிறோம். சீட்டுப் பணம் கட்டாதவரின் பிள்ளைகளைப் பற்றியும் பேசுகிறோம். அவர் சங்க விழாவுக்கு வருவதை நிறுத்தினால், ஏன் வரவில்லை என்று கேட்க ஒருவரும் செல்வதில்லை. அச்சிறைக்கு மூன்று மாத வரம்பு இல்லை. காரணம் எழுதும் நீதிபதி இல்லை. பெண்களுக்கு விலக்கும் இல்லை. குழுக்கடன் பெற்ற பெண்கள் இதை நன்கறிவர். ஒருத்தி தவறினால் மற்றவர் கண்களே அவளுக்குக் காவலாகின்றன.

நாம் செய்யத் தக்கவை சில உள. ஜாமீன் கையெழுத்திடுமுன், 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் ஜாமீன்தாரின் பொறுப்பைக் கடன் வாங்கியவரின் பொறுப்புக்கு இணையாக்குகிறது என்பதை அறிந்துகொள்ள வேண்டும்; தாட்சணியத்துக்காகப் போட்ட ஒரு கையெழுத்தால் இரு குடும்பங்கள் அழியக் கூடாது. வெற்றுக் காசோலையில் கையெழுத்திடும்படி கேட்டால், தொகையும் தேதியும் எழுதியே கொடுப்போம் என்னும் உறுதி வேண்டும். நீதிமன்ற அறிவிப்பு வந்தால் அஞ்சி ஒளியாமல் குறித்த நாளில் நேரில் சென்று வரவு செலவுக் கணக்கை வைக்க வேண்டும். ஒளிபவனே சட்டத்தின் கண்ணில் வஞ்சகனாகத் தோன்றுகிறான். அவ்வறிவிப்பைப் படித்துப் பொருள் சொல்லவும், வங்கிக்குத் தவணை நீட்டிப்பு மனு எழுதவும், உடன் சென்று நிற்கவும் படித்தவர்கள் முன்வர வேண்டும். நாளெல்லாம் மனுவும் குறிப்பும் எழுதிப் பழகிய எழுத்தர்கள் நம்மிடையே பலர். ஞாயிறு மாலையில் ஒரு மணி நேரம் இதற்கெனச் சங்கக் கூடத்தில் அமர்ந்தால் எத்தனையோ குடும்பங்களின் கலக்கம் தீரும்.

தர மனமில்லாதவனையும் தர இயலாதவனையும் பிரித்தறிவது கடினமே. ஆயினும் அவ்வேறுபாட்டைத் தேட மறுப்பது நீதியாகாது. உச்ச நீதிமன்றம் 1980இல் நீதிபதிகளுக்கு இட்ட கட்டளையை நாமும் நமக்கு இட்டுக்கொள்ளலாம்: தீர்ப்புச் சொல்லுமுன் விசாரிப்போம். தவணை தவறிய அண்டை வீட்டாரிடம் சென்று, ‘என்ன நேர்ந்தது?’ என்று கேட்போம். அவ்வாறு கேட்பதும் நாம் ஒருவர்க்கொருவர் பட்டிருக்கும் கடன்களுள் ஒன்று.